பட்டியலில் நம் பெயர் எந்த எண்ணில்?
ஆசிரியர் நியமனம், பணிமூப்பு, நீதிமன்றம்: ஒரு வரலாறு



நினைவுப் பேருரைகளில் நாம் பெரும்பாலும் தலைவர்களைப் பற்றிப் பேசுகிறோம். போராட்டங்களைப் பற்றிப் பேசுகிறோம். இலக்கியத்தைப் பற்றிப் பேசுகிறோம். இந்த ஆண்டு ஒரு தாளைப் பற்றிப் பேச எடுத்துக்கொண்டோம். கல்வித் துறை வெளியிடும் ஆசிரியர் பணிமூப்புப் பட்டியல்தான் அந்தத் தாள். அதில் வரிசை எண், பெயர், பணியில் சேர்ந்த நாள், பணி வரன்முறை செய்யப்பட்ட நாள், இனம் என்று கட்டங்கள் இருக்கும். படிக்கச் சுவையற்ற தாள். ஆனால் ஒரு பள்ளியின் தலைமை ஆசிரியர் நாற்காலியில் யார் உட்காரப் போகிறார் என்பதை அந்தத் தாள்தான் முடிவு செய்கிறது.

இலக்கிய அமைப்பின் மேடையில் இந்தப் பேச்சு எதற்கு என்று யாருக்கும் தோன்றலாம். பாமா, இமையம், அழகிய பெரியவன் மூவருமே பள்ளி ஆசிரியர்களாகப் பணியாற்றியவர்கள். தமிழில் தலித் எழுத்து வளர்ந்ததில் ஆசிரியர் வேலைக்கு ஒரு பங்கு உண்டு. நிலமற்ற ஒரு சமூகத்துக்கு மாதச் சம்பளம் தந்த, படிக்க நேரம் தந்த, ஊரில் தலைநிமிர்ந்து நடக்க இடம் தந்த முதல் வேலைகளில் அது ஒன்று. அந்த வேலைக்குள் நுழைந்தவர்களின் வரலாற்றை ஓரளவு எழுதியிருக்கிறோம். நுழைந்தபின் அவர்கள் எந்தப் படியில் நிறுத்தப்பட்டார்கள் என்பதை நாம் எழுதவில்லை.

இட ஒதுக்கீட்டுப் போராட்டத்தை வாசலில் நடக்கும் சண்டையாகவே நாம் பார்த்துப் பழகிவிட்டோம். வாசல் திறந்ததும் கொடி கட்டிக் கொண்டாடினோம். உள்ளே படிக்கட்டில் நடந்த சண்டை நீதிமன்றக் கட்டுகளுக்குள்ளும் அலுவலகப் பீரோக்களுக்குள்ளும் நடந்தது. அந்தச் சண்டையில் மூன்று கேள்விகளே திரும்பத் திரும்ப வருகின்றன. எந்த வரிசைப்படி? எந்த நாளிலிருந்து? எந்த அலகுக்குள்? வரிசை, நாள், அலகு ஆகிய இந்த மூன்றையும் யார் தீர்மானிக்கிறார்களோ, அவர்களே இட ஒதுக்கீட்டின் பயனையும் தீர்மானிக்கிறார்கள். இந்த உரையில் நாம் சொல்ல வருவது இதுதான்.

சேரிப் பள்ளிக்கு யார் வாத்தியார்?

கதை 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் தொடங்குகிறது. செங்கல்பட்டு மாவட்டப் பறையர் நிலைமை பற்றி ஆட்சியர் டிரெமன்ஹீர் 1891இல் எழுதிய அறிக்கை சென்னை அரசை உலுக்கியது. 1893இல் பஞ்சமர் கல்விக்கென்று அரசு ஓர் ஆணை வெளியிட்டது. 1894இல் கர்னல் ஆல்காட் தம் முதல் பஞ்சமர் இலவசப் பள்ளியைத் தொடங்கினார். மிஷன் பள்ளிகள் அதற்கு முன்பிருந்தே இருந்தன. பள்ளி தொடங்குவதற்குப் பணம் கிடைத்தாலும், சேரிக்குள் வந்து பாடம் சொல்ல சாதி இந்து ஆசிரியர் கிடைப்பது அரிதாக இருந்தது. பொதுப் பள்ளிக்குள் நம் பிள்ளைகளை விடுவதற்கும் ஊர் சம்மதிக்கவில்லை. ஆகவே, நம் பிள்ளைகளுக்கு நம்மவர்களையே பயிற்சி கொடுத்து ஆசிரியராக்குவது ஒரு தேவையாயிற்று. தலித் ஆசிரியர் என்ற வகையினர் அப்படித்தான் உருவானார்கள்.

சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் ஒடுக்கப்பட்டோருக்காக முழங்கிய எம்.சி. ராஜா ஒரு பள்ளி ஆசிரியர் என்பது தற்செயலானதன்று. பறையர், பஞ்சமர் என்ற சொற்களுக்குப் பதில் ஆதிதிராவிடர் என்று அரசுப் பதிவுகளில் எழுத வேண்டும் என்ற 1922ஆம் ஆண்டு ஆணைக்குப் பின்னால் அவருடைய உழைப்பு இருந்தது. பதிவேட்டில் என்ன எழுதப்படுகிறது என்பது எவ்வளவு முக்கியம் என்று அந்த ஆசிரியருக்குத் தெரிந்திருந்தது.

1920களில் தொழிலாளர் துறை ஆணையரின் பொறுப்பில் நம் பிள்ளைகளுக்கான பள்ளிகள் வந்தன. நம் தாத்தாக்கள் அவற்றை ‘லேபர் ஸ்கூல்’ என்றார்கள். அவையே பிறகு அரிசன நலப் பள்ளிகளாகி, பின்னர் ஆதிதிராவிடர் நலப் பள்ளிகள் ஆயின. பெயர் மாறியது, ஆனால் கல்வித் துறைக்கு வெளியே தனித் துறை, தனிப் பணி என்ற அமைப்பு மாறவில்லை. இந்தத் தனித்தன்மைக்கு நாம் கொடுத்த விலையைப் பின்னால் பார்ப்போம்.

வரிசை

அரசு வேலைக்கு வகுப்புவாரி உரிமை 1921இலேயே ஆணையாக வந்தது. 1927ஆம் ஆண்டு ஆணை அதை எண்ணாக மாற்றியது. ஒவ்வொரு 12 நியமனத்திலும் பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 5, பார்ப்பனருக்கு 2, முஸ்லிம்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர், கிறித்தவர்களுக்கு 2, ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கு 1. 1947இல் அது 14 ஆனபோது நம் பங்கு 2 ஆயிற்று. இனச்சுழற்சி என்று இன்று நாம் சொல்வதன் வேர் இதுதான்.

அரசமைப்பு வந்தவுடன் இந்த ஆணை உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. கல்லூரிச் சேர்க்கை பற்றிய செண்பகம் துரைராஜன் வழக்கை எல்லோரும் அறிவோம். அதே 1951 ஏப்ரல் 9ஆம் நாள் வந்த இன்னொரு தீர்ப்பை நாம் அதிகம் பேசுவதில்லை. அது மாவட்ட முன்சீப் நியமனம் பற்றியது. 83 இடங்களில் அரிசனங்களுக்கு 19 என்று பங்கிடப்பட்டிருந்தது. ஒவ்வொரு வகுப்புக்கும் பங்கு என்ற ஏற்பாடு செல்லாது என்ற நீதிமன்றம், அரிசனங்களுக்கும் பிற்பட்ட இந்துக்களுக்கும் ஒதுக்கியது மட்டும் பிரிவு 16(4)இன்படி செல்லும் என்றது. சேர்க்கையில் இட ஒதுக்கீட்டை மீட்க முதல் அரசமைப்புத் திருத்தம் தேவைப்பட்டது. வேலையில் நம் பங்குக்கோ அம்பேத்கர் தலைமையில் எழுதப்பட்ட வரைவே அரணாக நின்றது.

ஆக, நுழைவு காப்பாற்றப்பட்டது. ஆனால் நுழைந்தவரை எந்த எண்ணில் வைப்பது?

தமிழ்நாட்டில் நீண்ட காலம் ஒரு நடைமுறை இருந்தது. நியமனத்தின்போது இனச்சுழற்சியில் எந்த இடத்தில் ஒருவர் அமர்ந்தாரோ, அதுவே பணிமூப்பிலும் அவருடைய இடம். தமிழ்நாட்டு அரசுப் பணிகளில் பதவி உயர்வுக்கென்று பொதுவான இட ஒதுக்கீடு இல்லாத நிலையில், இந்தச் சுழற்சி மூப்புதான் நம்மவர்கள் மேல்படிக்குப் போகும் வழியாக இருந்தது. 2015இல் சென்னை உயர் நீதிமன்றம், சுழற்சி என்பது தேர்வுக்கு மட்டுமே, பணிமூப்பு மதிப்பெண் வரிசைப்படிதான் என்றது. 2016 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதில் தலையிட மறுத்தது. அரசு 2016ஆம் ஆண்டிலேயே அரசு ஊழியர் பணி நிபந்தனைகள் சட்டத்தை இயற்றி, சுழற்சி மூப்பை அதன் 40ஆம் பிரிவில் எழுதியது. 2019 நவம்பரில் உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவையும் செல்லாததாக்கியது.

இதன் பொருளை எளிய கணக்காகப் பார்ப்போம். ஒரே நாளில் 100 பேர் பணியில் சேர்கிறார்கள். சுழற்சிப்படி நம்மவர் ஒருவர் 6ஆம் இடத்தில் இருந்தார் என்று வைத்துக்கொள்வோம். மதிப்பெண் வரிசையில் அவர் 80ஆம் இடம் என்றால், அவருக்கு முன்னால் 79 பேர். மேலே காலியாகும் இடங்கள் 30 என்றால் முதல் ஏற்பாட்டில் அவர் தலைமை ஆசிரியர் ஆவார். இரண்டாவதில் ஆசிரியராகவே ஓய்வு பெறுவார். இருவேறு வாழ்க்கைகள். இடையில் அவர் எத்தனை ஆண்டு எப்படிப் பாடம் நடத்தினார் என்பதற்கு இதில் இடமே இல்லை. என்றோ எழுதிய ஒரு தேர்வின் மதிப்பெண் முப்பது ஆண்டுக்குப் பிறகும் கூடவே வருகிறது.

நாள்

இரண்டாவது கேள்வி, மூப்பை எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பது.

பதவி உயர்வில் இட ஒதுக்கீடு உண்டா என்ற வழக்கும் சென்னையில்தான் தொடங்கியது. தென்னக ரயில்வே பற்றிய ரங்காச்சாரி வழக்கில், உண்டு என்று 1961இல் உச்ச நீதிமன்றம் மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் சொன்னது. முப்பது ஆண்டுகள் கழித்து 1992 நவம்பர் 16இல் இந்திரா சஹானி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, இல்லை என்றது. 1995இல் 77ஆம் திருத்தம் 16(4அ) பிரிவைச் சேர்த்து, பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் அதை மீட்டுத் தந்தது.

உயர்வு திரும்பி வந்தது. ஆனால் அதே 1995இல் ‘எட்டிப்பிடிக்கும் விதி’ வந்தது. இட ஒதுக்கீட்டில் ஒருவர் முன்னதாகப் பதவி உயர்வு பெற்று மேல்படியில் ஐந்தாண்டு பணிபுரிகிறார். பொதுப் பிரிவைச் சேர்ந்த அவருடைய பழைய மூத்தவர் பிறகு மேலே வருகிறார். வந்தவுடனே அவர் மறுபடியும் மூத்தவர் ஆகிவிடுவார். ஐந்தாண்டுப் பணி கணக்கில் வராது. 1999இல் அஜித் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது. 2001இல் 85ஆம் திருத்தம், உயர்வோடு அதன் விளைவான பணிமூப்பும் உண்டு என்று 1995 ஜூன் 17 முதல் செல்லுமாறு சொன்னது. 2006இல் நாகராஜ் வழக்கு அந்தத் திருத்தத்தை ஏற்றுக்கொண்டே மூன்று நிபந்தனைகளை வைத்தது. பின்தங்கிய நிலைக்கும், போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கும் புள்ளிவிவரம் வேண்டும். நிர்வாகத் திறனும் குறையக் கூடாது. 2018இல் ஜர்னைல் சிங் வழக்கில், பட்டியல் சாதியினர் பின்தங்கியவர்கள் என்பதற்குத் தனியே புள்ளிவிவரம் தேவையில்லை என்று முதல் நிபந்தனை மட்டும் நீங்கியது.

இந்த வரலாற்றையும் முந்தைய பகுதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சுழற்சியால் நமக்கு மூப்பு கிடைத்தபோது, மதிப்பெண்தான் அளவுகோல் என்றார்கள். மேல்படியில் முன்னதாகப் பணியாற்றிய அனுபவம் நமக்கு இருந்தபோது, பழைய மூப்புதான் அளவுகோல் என்றார்கள். அரசு உதவி பெறும் தனியார் பள்ளிகளுக்கான 1974ஆம் ஆண்டு விதிகளோ, தகுதியும் திறமையும் ஏறத்தாழச் சமமாக இருந்தால் மட்டுமே பணிமூப்பைப் பார்க்கலாம் என்றன. தகுதியை எடை போடுபவர் தாளாளர். அளவுகோல் இடத்துக்கு இடம் மாறுகிறது. எந்த இடத்தில் எந்த அளவுகோல் என்று முடிவு செய்யும் மேசையில் நம்மவர் அநேகமாக இருப்பதில்லை.

நாள் பற்றிய இன்னொரு அனுபவமும் தமிழ்நாட்டு ஆசிரியர்களுக்கு உண்டு. ஒரு காலத்தில் வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்பின்படி ஆசிரியர்கள் நியமிக்கப்பட்டார்கள். பதிவைப் புதுப்பித்துப் புதுப்பித்துக் காத்திருந்தவர்கள் ஏராளம். 2003க்குப் பிறகு தொகுப்பூதியத்தில் சேர்க்கப்பட்டவர்களுக்கு 2006 ஜூன் 1தான் பணி வரன்முறை நாள் ஆயிற்று. அதற்கு முந்தைய உழைப்பைக் கணக்கில் சேர்க்கச் சொல்லி வழக்குகள் நடந்தன. கல்வி உரிமைச் சட்டத்தின் தொடர்ச்சியாக 2011 நவம்பரில் தமிழ்நாட்டில் ஆசிரியர் தகுதித் தேர்வு கட்டாயமானபோது பதிவு மூப்பே மதிப்பிழந்தது. இது எல்லாச் சாதியினரையும் பாதித்தது உண்மை. ஆனால் காத்திருக்கும் காலத்தில் உண்ண நிலமும், பயிற்சி மையத்துக்குக் கட்டப் பணமும் இல்லாதவர்களை அது கூடுதலாகப் பாதித்தது.

2012 ஜூலையில் நடந்த முதல் தகுதித் தேர்வில் ஆறரை லட்சத்துக்கும் மேற்பட்டோரில் 2,448 பேர் தேறினார்கள். இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்குச் சலுகை மதிப்பெண் தரலாம் என்று தேசிய ஆசிரியர் கல்விக் குழுமமே 2011இல் வழிகாட்டியிருந்தது. தமிழ்நாட்டில் எல்லோருக்கும் 60 விழுக்காடு என்றே வைத்திருந்தார்கள். தொடர்ந்து எழுந்த குரல்களுக்குப் பின் 2014 பிப்ரவரியில்தான் 55 விழுக்காடு, அதாவது 150க்கு 82 என்று குறைத்தார்கள். அதை மதுரைக் கிளை ரத்து செய்தது. சென்னையில் இருந்த அமர்வு செல்லும் என்றது. 2016 நவம்பர் 9இல் உச்ச நீதிமன்றம் சலுகை செல்லும் என்று முடித்து வைத்தது.

அதே தீர்ப்பு இன்னொன்றையும் செல்லும் என்றது. பட்டதாரி ஆசிரியர் தேர்வில் தகுதித் தேர்வுக்கு 60, மீதி 40க்கு பன்னிரண்டாம் வகுப்பு, பட்டம், பி.எட். மதிப்பெண் என்ற ‘வெயிட்டேஜ்’ முறை. பல ஆண்டுகளுக்கு முன் பன்னிரண்டாம் வகுப்பு எழுதியவரையும், தாராளமாக மதிப்பெண் போடும் காலத்தில் எழுதியவரையும் அது ஒரே தராசில் வைத்தது. ஒரே தீர்ப்பில் ஒரு கையால் பெற்றதை இன்னொரு கையால் இழந்தவர்கள் உண்டு. 2018இல் நியமனத்துக்குத் தனிப் போட்டித் தேர்வு என்று அரசு மாற்றியபோதுதான் வெயிட்டேஜ் ஒழிந்தது. ஆனால் 2013இல் தேறி நின்றவர்களுக்கு அதற்குள் வயது ஏறிவிட்டது.

அந்தத் தேர்வு இப்போது பணியில் இருப்பவர்களின் படிக்கட்டுக்கும் வந்துவிட்டது. பதவி உயர்வுக்குத் தகுதித் தேர்வு கட்டாயம் என்று 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. 2025 செப்டம்பர் 1இல் உச்ச நீதிமன்றம், ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் உள்ளவர்கள் இரண்டாண்டுக்குள் தேற வேண்டும் என்றும், ஐந்தாண்டுக்குள் ஓய்வு பெறுவோர் தேறாமலே தொடரலாம், ஆனால் உயர்வு கேட்க முடியாது என்றும் தீர்ப்பளித்தது. பணிமூப்பில் முன்னே நின்றாலும் தேர்வு குறுக்கே நிற்கும் நிலை.

அலகு

மூன்றாவது கேள்விதான் கண்ணுக்கு அதிகம் படாதது. எத்தனை பணியிடங்களை ஒரே கூட்டமாகக் கொண்டு சுழற்சியையும் மூப்பையும் கணக்கிடுவது?

ஒரே ஒரு பணியிடம் உள்ள இடத்தில் இட ஒதுக்கீடு கூடாது என்று 1998இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னது. ஒரு பள்ளியைத் தனி அலகாக எடுத்தால் அதற்கு ஒரே தலைமை ஆசிரியர்தான். ஆகவே அந்த அலகில் நமக்கு என்றைக்கும் பங்கு வராது. பல்கலைக்கழகங்களில் இதே உத்தி எப்படி வேலை செய்தது என்று மாணவர்களுக்கு நினைவிருக்கும். துறைதான் அலகு என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் 2017இல் சொன்னது. பல்கலைக்கழக மானியக் குழு 2018 மார்ச்சில் அதைச் சுற்றறிக்கையாக அனுப்பியது. விளம்பரங்களில் நம் இடங்கள் கரைந்தன. நாடு தழுவிய போராட்டத்துக்குப் பிறகு 2019இல் அவசரச் சட்டமும் தொடர்ந்து சட்டமும் வந்து, நிறுவனமே அலகு என்றாயிற்று. ஒதுக்கீட்டு விழுக்காட்டில் ஒரு புள்ளி கூட மாறவில்லை. அலகு மாறியதும் இடம் போனது; அலகு திரும்பியதும் இடம் வந்தது.

சிறுபான்மையினர் நடத்தும் பள்ளிகள் பிரிவு 30இன் பாதுகாப்பில் தம் ஆசிரியரைத் தாமே தேர்கின்றன. இந்த உரிமையை நாம் எதிர்க்கவில்லை. ஆனால் தலித் கிறித்தவ ஆசிரியரின் நிலையை எண்ணிப் பாருங்கள். 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணையால் அவர் பட்டியல் சாதியினர் அல்லர்; தமிழ்நாட்டில் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் இருக்கிறார். அரசுப் பள்ளிக்குப் போனால் அந்தப் பெரிய பட்டியலில் போட்டி. தம் சபை நடத்தும் பள்ளிக்குப் போனால் சுழற்சியே இல்லை. எந்த அலகிலும் அவருக்கு வரிசை எண் இல்லை.

ஆதிதிராவிடர் நலப் பள்ளிகளுக்கு வருவோம். தனித் துறை என்பதால் தனிப் பணிமூப்பு. கல்வித் துறையின் பெரிய ஏணி இங்கே இல்லை. உயர் பணியிடங்கள் சில. அலகு விட்டு அலகு மாறினால் புதிய அலகில் கடைசி ஆளாக நிற்க வேண்டும். சேரிக்கென்று பிறந்த பள்ளி, அதில் பணியாற்றியவரின் படிக்கட்டையும் சேரிக்குள்ளேயே நிறுத்தியது. இப்பள்ளிகளைப் பள்ளிக் கல்வித் துறையில் இணைப்பதாக 2023 மார்ச் நிதிநிலை அறிக்கை அறிவித்தது. பணிப்பலன்கள் பாதுகாக்கப்படும் என்றும் சொன்னது. இணைப்பு வேண்டும், வேண்டாம் என்று நமக்குள் இரு கருத்துகள் உண்டு. எந்தக் கருத்துடையவரானாலும், இணைத்தால் ஒருங்கிணைந்த பட்டியலில் நம் ஆசிரியர்களை எந்த எண்ணில் வைப்பீர்கள் என்ற கேள்வியை முதலில் கேட்க வேண்டும். ‘பாதுகாக்கப்படும்’ என்ற சொல் சம்பளத்தைக் குறிக்கலாம். மூப்பைக் குறிக்காமலும் போகலாம்.

தொடக்கக் கல்வியில் ஒன்றிய அளவில் இருந்த முன்னுரிமையை 2023 டிசம்பரில் அரசாணை 243 மாநில அளவுக்கு மாற்றியது. பல சங்கங்கள் எதிர்த்தன. வெகு தொலைவுக்குப் போக முடியாத பெண் ஆசிரியர்கள் உயர்வைத் துறக்க வேண்டிவரும் என்றன. அந்த விவாதத்தில் இனச்சுழற்சிக்கு இந்த மாற்றம் என்ன செய்யும் என்ற கேள்வி போதிய அளவுக்கு எழவில்லை.

ஆந்திரத்தில் நடந்ததையும் சேர்த்துக்கொள்வோம். பழங்குடிப் பகுதிப் பள்ளிகளுக்கு ஆசிரியர்கள் ஒழுங்காக வருவதில்லை என்பதால், ஐந்தாம் அட்டவணைப் பகுதிகளில் ஆசிரியர் பணி முழுவதும் உள்ளூர்ப் பழங்குடியினருக்கே என்று 2000 ஜனவரியில் ஆணை வந்தது. 2020 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்து, இரு தெலுங்கு மாநிலங்களும் சேர்ந்து ஐந்து லட்சம் ரூபாய் வழக்குச் செலவு தர வேண்டும் என்றது. நூறு விழுக்காடு சட்டப்படி சரியா என்று வாதிடலாம். மலைக்கு ஏறி வராத ஆசிரியர் பற்றிய பழைய கேள்வி, நம் சேரிப் பள்ளிக் கேள்விதான், அங்கே அப்படியே இருக்கிறது.

வென்றவையும் நமக்குள் உள்ளவையும்

நீதிமன்றமே நமக்கு எதிரி என்று சொல்லிவிடுவது எளிது. உண்மை அவ்வளவு எளிதன்று. சமத்துவத்தின் ஒரு வடிவமே இட ஒதுக்கீடு என்று 1975இல் கேரளத்தின் தாமஸ் வழக்கு கண்டது. 1995இல் சபர்வால் வழக்கு, சுழற்சி பணியிடத்தைப் பற்றியது, நம்மவர் ஓய்வு பெற்ற இடம் நம்மவருக்கே என்று தெளிவாக்கியது. பொதுப் போட்டியில் தேறியவரை ஒதுக்கீட்டுக் கணக்கில் எழுதக் கூடாது என்றது. தமிழ்நாட்டில் வேதியியல் முதுகலை ஆசிரியர் தேர்வில் பொது இடங்களை முதலிலும், பின்னடைவுக் காலியிடங்களை அடுத்தும், நடப்பு ஒதுக்கீட்டைப் பிறகும் நிரப்ப வேண்டும் என்று 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் அதே நெறிதான். இந்த வரிசை மாறினால், சொந்த மதிப்பெண்ணில் பொது இடத்துக்குப் போக வேண்டியவர் ஒதுக்கீட்டு இடத்தை நிரப்புவார். பின்னால் நிற்கும் இன்னொருவர் வெளியே போவார். யாரும் எதையும் பறித்ததாகத் தெரியாது.

இதே நேர்மையோடு நமக்குள்ளும் பார்க்க வேண்டும். 2009இல் தமிழ்நாடு 18 விழுக்காட்டுக்குள் அருந்ததியருக்கு 3 விழுக்காடு தந்தது. பட்டியல் சாதிகளுக்குள் உள்ஒதுக்கீடு செய்ய மாநிலங்களுக்கு அதிகாரம் உண்டு என்று 2024 ஆகஸ்ட் 1இல் ஏழு நீதிபதிகள் அமர்வு உறுதி செய்தது. வரிசை, நாள், அலகு பற்றி நாம் மற்றவர்களிடம் கேட்கும் கேள்விகளை அருந்ததியத் தோழர்கள் நம்மிடம் கேட்டால், அதே பொறுமையோடு பதில் சொல்ல நாம் கடமைப்பட்டவர்கள்.

நாற்காலி

ஒரு தலைமை ஆசிரியர் நாற்காலிக்காக இவ்வளவா? ஆம். கல்வி உதவித்தொகை விண்ணப்பத்தை நேரத்துக்கு அனுப்புபவர் அவர். கழிப்பறையைக் கழுவ எந்தப் பிள்ளைகள் அனுப்பப்படுகிறார்கள் என்று பார்க்க வேண்டியவர் அவர். மதிய உணவுப் பந்தியில் யார் எங்கே உட்காருகிறார்கள், கையில் என்ன வண்ணக் கயிறு கட்டியிருக்கிறார்கள், புகார் சொன்ன பிள்ளையின் பெயர் வெளியே போகிறதா என்பதெல்லாம் அவர் பொறுப்பு.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனும் அவன் தங்கையும் வீட்டுக்குள்ளேயே வெட்டப்பட்டார்கள். வெட்டியவர்கள் உடன் படித்த மாணவர்கள். அதன்பின் அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. ஒரு பகுதியில் ஆதிக்கமாக உள்ள சாதியைச் சேர்ந்தவர்களை அங்கேயே கல்வி அலுவலர்களாகவும் தலைமை ஆசிரியர்களாகவும் அமர்த்தக் கூடாது என்பது அதன் பரிந்துரைகளில் ஒன்று. அந்தப் பரிந்துரை ஒருநாள் நடைமுறைக்கு வரும் என்றே வைத்துக்கொள்வோம். அப்போது அந்த நாற்காலிகளுக்கு அனுப்ப, பதவி உயர்வுப் பட்டியலின் மேல்பகுதியில் நம் ஆசிரியர்கள் இருக்க வேண்டுமே? நாங்குநேரிப் பிள்ளைகளின் பாதுகாப்புக்கும் பணிமூப்புப் பட்டியலுக்கும் உள்ள உறவு இதுதான்.

செய்ய வேண்டியவை

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி இடங்கொடுக்க வேண்டும் என்பார்கள். அரசமைப்பு தந்த வரம் ஒரு பதிவேட்டின் வழியாகத்தான் நம்மை வந்தடைகிறது. அந்த இனச்சுழற்சிப் பதிவேட்டை நாம் பார்த்ததில்லை. அநியாயம் நடந்து, உயர்வு ஆணை வெளியாகி, இளையவர் மேலே போய் அமர்ந்தபின்தான் வழக்கறிஞரைத் தேடுகிறோம். தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு பதவி உயர்வு வழக்கில் உச்ச நீதிமன்றம் 1974இலேயே, ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்று சொல்லிவிட்டது. காலம் கடந்து வந்தவரை, அவர் பக்கம் நியாயமே இருந்தாலும், நிலைபெற்ற மூப்பைக் கலைக்க முடியாது என்று திருப்பி அனுப்புகிறார்கள். பட்டியல் சாதியினர் ஆணையத்துக்கு மனு கொடுத்துவிட்டுக் காத்திருப்பவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஆணையத்துக்கு விசாரிக்கும் அதிகாரம் உண்டு. தடை உத்தரவு போடும் அதிகாரம் இல்லை என்று 1996இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. மனு விசாரணையில் இருக்கும்போதே ஆட்சேபக் காலம் முடிந்துவிடும்.

ஆகவே தோழர்களே, வேலையைப் பிரித்துக்கொள்வோம். பணியில் இருக்கும் ஆசிரியர்கள், தற்காலிகப் பட்டியல் வெளிவந்தவுடனே தம் எண்ணை மட்டுமல்லாமல் தமக்கு மேலும் கீழும் உள்ள எண்களையும் பாருங்கள். பணிப்பதிவேட்டில் சேர்ந்த நாளும் வரன்முறை நாளும் சரியாக ஏறியிருக்கின்றனவா என்று பாருங்கள். ஆட்சேபத்தை எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். மாணவர்கள், உங்கள் மாவட்டத்தில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி இனச்சுழற்சிப் பதிவேட்டின் நகலையும், தலைமை ஆசிரியர் பணியிடங்களின் சமூகவாரி எண்ணிக்கையையும் கேளுங்கள். சமூகவியல் படிக்கும் நண்பர்களுக்கு இதைவிட நல்ல ஆய்வுப் பொருள் கிடைக்காது. போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்குப் புள்ளிவிவரம் கொண்டு வா என்று நாகராஜ் தீர்ப்பு அரசிடம் கேட்டது. அந்தந்தப் பணிநிலையையே அலகாக வைத்து அதைத் திரட்ட வேண்டும் என்று 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அரசு திரட்டட்டும் என்று நாம் காத்திருக்கத் தேவையில்லை.

எழுத்தாளர்களிடமும் ஒன்று கேட்கிறோம். சேரியில் பிறந்து ஆசிரியரான கதையை எழுதியிருக்கிறீர்கள். இருபத்தெட்டு ஆண்டு பணியாற்றி, ஒரு படி கூட ஏறாமல் ஓய்வுபெற்ற ஆசிரியரின் கதையையும் எழுதுங்கள். ஒவ்வொரு ஊரிலும் அப்படி ஒருவர் இருக்கிறார். அவருடைய பணிப்பதிவேடும், அவர் எழுதிய மனுக்களின் நகல்களும் வீட்டில் ஏதோ ஒரு பெட்டியில் கிடக்கும். அவர் இருக்கும்போதே போய்க் கேட்டு வாங்கிப் படியுங்கள்.